அவளுக்கு அடுத்தபடி

மடவார் வளாகம் பக்கத்து மாவு மில்லில், சிவப்புச் சேலை கட்டிய பெண் எனக்கும் சேர்த்து மூன்று பேருக்கு வழிவிட்டாள்.

"ஏட்டி, வறுத்த மல்லியும் வத்தலும் கையில வச்சுக்கிட்டு ஏன் எல்லாரையும் முன்னாடி விடுத?" என்றாள் கூட வந்தவள்.

"என் கொழுந்தன் பொண்டாட்டி இப்பம் வாராளாம். அவ மொதல்ல அரைக்கட்டும். என் வீட்டுக்காரரு அவ வைக்கிற குழம்பைத்தான் அம்புட்டு மெச்சுதாரு. மிஷின்ல அவ பொடி கொஞ்சம் ஒட்டியிருக்கும்லா, அது என் பொடியில விழட்டும்."

கொழுந்தன் மனைவி வந்து அரைத்தாள். கடைசியில் ஒரு பிடி பச்சரிசியையும் மிஷினில் போட்டு ஓட்டச் சொன்னாள். ஒட்டியிருந்த பொடியெல்லாம் அரிசிமாவோடு அவள் டப்பாவிலேயே விழுந்தது.

"என் வத்தல் காரம் உங்க பொடியில ஏறிரக்கூடாதுல்லாக்கா" என்று சிரித்துவிட்டுப் போனாள்.

சிவப்புச் சேலைக்காரி கூட வந்தவளிடம் திரும்பினாள். "பாத்தியா, வாசத்தைக்கூட வழிச்சுக்கிட்டுப் போறா!"