கம்பியில்லாத கட்டை

இரவு ஒன்பது மணி. அரங்கத்திலிருந்து வீட்டுக்கு வரும் சாலையில் அன்று ஒரு விளக்கும் எரியவில்லை... என் அண்ணன் தனியாக நடந்து வந்துகொண்டிருந்தார். பியானோவுக்குச் சுருதி சேர்ப்பது அவர் தொழில். சட்டைப் பையில் மூன்று கம்பிகள், சுருட்டியபடி. துரு வாடை.

அரங்கத்தில் ஒருவரே வாசிக்கும் ஜாஸ் கச்சேரி. எழுதிவைத்த இசை எதுவும் இல்லை, தோன்றியதை வாசிப்பார். அப்படியே ஒலிப்பதிவு. பழைய பியானோ அது. மேல்பக்கத்துக் கட்டை ஒன்று கிறீச்சிட்டது. அதன் மூன்று கம்பிகளையும் அண்ணன் கழற்றிவிட்டார்.

"இந்தக் கட்டையைத் தொட்டுடாதீங்க. டொக்குன்னு மரச்சத்தம்தான் வரும்."

"விரல் எங்க போகும்னு எனக்கே தெரியாதுங்க" என்று சிரித்தாராம் பியானோ வாசிப்பவர்.

அரங்கத்தில் கச்சேரி தொடங்கியிருக்கும். இருட்டில், பாதி வழியில், அண்ணனின் சட்டைப் பை அதிர்ந்தது. ணிங்... நின்றார். மறுபடியும். வீடு வந்து சேர்வதற்குள் பத்தொன்பது முறை. என்னிடம் மட்டும்தான் சொன்னார்.

இசைத்தட்டு வெளிவந்து உலகப் புகழ் பெற்றது. அதில் அந்தக் கட்டை தெளிவாக ஒலிக்கிறது. பத்தொன்பது முறை. கம்பியைக் கழற்றாமலே கழற்றியதாகப் புளுகினார் என்றார்கள். அதன்பிறகு யாரும் அவரை வேலைக்குக் கூப்பிடவில்லை. அந்தப் பெயரோடுதான் செத்தார். பியானோவையும் பின்னாளில் உடைத்து எரித்துவிட்டார்கள்.

எங்கள் குடும்பத்தில் பொய் சொன்னவர் கிடையாது. போன மாதம் என் மாப்பிள்ளை, வீட்டார் எல்லாரும் இருக்கும்போது, அந்த இசைத்தட்டைச் சுழலவிட்டுக் கிண்டல் செய்தார்.

"ரெக்கார்டே சாட்சி சொல்லுதே மாமா! ஆனா உங்க வீட்டுக் கௌரவம் மட்டும் சுருதி இறங்காது!"

அண்ணனின் தகர டப்பாவை எடுத்து வந்து மேசைமேல் வைத்தேன். திறந்து காட்டினேன். மூன்று கம்பிகள். மூடினேன்.

அந்தக் கட்டையின் முறை வந்தது. டப்பாவுக்குள் ணிங்...

மகள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். தட்டில் ஒலித்த ஒவ்வொரு முறையும் டப்பாவிலும், இம்மி பிசகாமல். பத்தொன்பதும் முடிந்ததும் மாப்பிள்ளை ஊசியைத் தூக்கிவிட்டார். அவர் முகத்தில் ரத்தமே இல்லை.

"இப்ப என்ன சொல்றீங்க, மாப்பிள்ளை?" என்றேன். நெஞ்சு நிமிர்ந்திருந்தது.

ணிங்...

"மாமா... நான்தான் நிறுத்திட்டேனே..."

ணிங்... ணிங்... இசைத்தட்டில் இல்லாத வாசிப்பு. புதிது. அந்த ஒரே சுரம், நடுநடுவே நின்று நின்று... எரிந்துபோன மற்ற கட்டைகளுக்கு இடம் விட்டு.