கப்பித்தேன் தாத்தா

...கொஞ்சம் பொறுங்க, சாப்பாடு வந்துடும். அதுக்குள்ள ஒரு சங்கதி சொல்லி முடிச்சுடறேன். சின்னதுதான். என் ரெண்டு பொண்ணுங்களும் அங்க உட்கார்ந்து, "பப்பா கையில மைக் போயிடுச்சே"ன்னு தலையில கை வெச்சுக்கிட்டாங்க. பரவாயில்ல. பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்து பிரெவே பரீட்சையில ரெண்டு தடவை கோட்டை விட்டவன் நான். பேச்சிலயாவது பாஸ் ஆகிக்கிறேன்.

தலைவர் இப்ப என்ன சொன்னார்? சங்கத்துச் சுவர்ல மாட்ட, பிரெஞ்சுக்காரனும் தமிழும் கலந்த நம்ம கிரியோல் குடும்பம் ஒவ்வொண்ணும் முன்னோர் படம் கொண்டு வரணும்னார். நல்ல யோசனை. ஆனா பின்வரிசையில ஒருத்தர் மெதுவா முனகினார்... "படம் இல்லாதவன் என்ன பண்றது?" அவருக்குத்தான் இந்தக் கதை.

நம்ம ஊர்ல லூசியேன்னு ஒருத்தர். எலெக்ட்ரீசியன். என் கூட்டாளி, அதனால நல்ல மனுஷன்னு சொல்லித்தான் ஆகணும். அவர் வீட்டு ஹால்ல பெரிய தேக்குச் சட்டம் போட்ட ஒரு படம். வெள்ளைத் தாடி, பித்தளைப் பொத்தான் வெச்ச கோட்டு. யார் வந்தாலும் லூசியேன் சொல்லுவார்: "எங்க அம்மாவோட அப்பா. கப்பித்தேன்! கப்பல் ஓட்டினவர்." அந்த வெள்ளைக்காரருக்கு எப்பவும் சரம் சரமா மல்லிகைப்பூ. நெத்தியில சந்தனப் பொட்டு. கல்லறைத் திருநாள் வந்தா மெழுகுவத்தி, ஊதுவத்தி, ஒரு கிளாஸ் ஒயின். வேற எந்த ஜாதி சனம் இப்படிச் செய்யும்? நாமதான் செய்வோம்.

லூசியேனுக்கு ஒரே பொண்ணு, சொலாஞ்ச். பத்ரிஸ்னு லியோன்ல வேலை பார்க்கிற பையன். நம்மாளுங்கதான், எப்பவோ பிரான்சுக்குப் போய்ட்ட குடும்பம். ரெண்டு பேருக்கும் பிடிச்சுப்போச்சு. பையனோட அம்மா மதாம் ஒதீல், சம்பந்தம் பேச நேர்ல வந்தாங்க. வந்தாங்க... உட்காரப் போனாங்க... உட்காரல. படத்தையே பார்க்கறாங்க.

"முசியே, இவர் யாரு?"

"எங்க தாத்தா, மதாம். அம்மாவோட அப்பா. கப்பித்தேன்."

"கப்பித்தேனா? இவர் எங்க தாத்தா. எங்க அம்மாவோட அப்பா. சாராய வரி ஆபீஸ்ல இருந்தவர். படகுல ஏறினாலே வாந்தி எடுப்பார்."



லூசியேன் சம்சாரம் அந்துவானெத்துக்கு விஷயம் தெரியாது பாருங்க... பலகாரத் தட்டோட வந்தவங்க விரல் விட்டுக் கணக்குப் போட்டாங்க. "அட! அப்போ உங்க ரெண்டு பேர் அம்மாவும் அக்கா தங்கச்சி. நீங்க இவருக்குத் தங்கச்சி முறை. அண்ணன் பொண்ணு, தங்கச்சி பையன்... மதாம், இது முறைப்பொண்ணு! கேட்காமலே அமைஞ்சிருக்கு!"

மதாமுக்கு முகம் வெளுத்துப்போச்சு. "சொந்தத்துலயா? நாங்க அதெல்லாம் செய்யறதில்ல." பார்த்தீங்களா? நம்ம உடம்புல ஓடற ரெண்டு பக்கமும் அன்னிக்கு அந்த ஹால்ல எதிரெதிரா நிக்குது! ஒரு பக்கம் கை தட்டுது, ஒரு பக்கம் கையை உதறுது.

அதோட விட்டாங்களா? படத்தைக் காட்டிக் கேட்டாங்க: "எங்க அம்மா ஒரே பொண்ணு, முசியே. கூடப் பிறந்தவங்க யாரும் இல்ல. அப்போ எங்க தாத்தாவுக்கு... இந்த ஊர்ல இன்னொரு வீடு இருந்துச்சா?"

இப்ப லூசியேன் என்ன செய்வார்? நீங்களா இருந்தா என்ன செய்வீங்க? வாயை மூடிக்கிட்டா தாத்தா மிஞ்சுவார். ஆனா பொண்ணு கல்யாணம் போச்சு. செத்துப்போன மனுஷன் மானமும் போச்சு. வாயைத் திறந்தா... ஊர் முழுக்கச் சொல்லிக்கிட்டிருந்த வெள்ளைக்காரத் தாத்தா போயிடுவார். கதவோரம் சொலாஞ்ச் நிக்கிறா. லூசியேன் அவளைப் பார்த்தார். தலையைத் தொங்கப் போட்டார்.

"மதாம், இவர் எங்களுக்கு யாருமில்ல. எங்கப்பா இவரை ஏலத்துல எடுத்தார். அதுவும் அந்தத் தேக்குச் சட்டத்துக்காக."

அந்துவானெத் தட்டை டக்குனு மேசையில வெச்சாங்க. "ஏங்க! இத்தனை வருஷமா நான் யாருக்குங்க பூ கட்டினேன்?"

"உங்க நிஜத் தாத்தா?"ன்னு கேட்டாங்க மதாம்.

"கோர்ட்டுல சேவகம் பார்த்தவர். எங்க வம்சத்து வெள்ளைக்காரன் யாரோ ஒரு சிப்பாய்... பேரைக் குடுத்துட்டு முகத்தைக் காட்டாமப் போயிட்டான். அவன் கட்டினது அரியாங்குப்பத்து அஞ்சலையை. யாருக்கும் படம் இல்ல மதாம். சுவர் வெறுமையா இருந்துச்சு. மாட்டிக்கிட்டோம்."

மதாம் படத்துக்கிட்ட போனாங்க. அப்புறம் அந்த மாலையைத் தொட்டுப் பார்த்தாங்க. ஈரமா இருந்துச்சு, அன்னிக்குக் கட்டினது. "கப்பல் ஏறும்போது பாரம்னு இவரை வித்தது எங்கப்பாதான். நாங்க இவருக்கு ஒரு பூ வெச்சதில்ல"ன்னாங்க. உட்கார்ந்தாங்க. தட்டுல இருந்து ஒரு பலகாரம் எடுத்தாங்க. அவ்வளவுதான், சம்பந்தம் நிச்சயமாச்சு.

இப்ப சொலாஞ்சுக்கு ஒரு பையன். கணக்குப் போடுங்க... அந்தத் தாடிக்காரர் அவனுக்கு யாரு? எள்ளுத்தாத்தா! நிஜ எள்ளுத்தாத்தா! பொய் சொன்ன வரைக்கும் அந்த வீட்டுக்கு அவர் யாரோ. உண்மையைச் சொன்னதால ரத்த சொந்தம் ஆயிட்டார். அவர் பக்கத்துல லூசியேன் ஒரு சின்னப் பலகை மாட்டியிருக்கார். அதுல படம் இல்ல, "அஞ்சலை, அரியாங்குப்பம்" அவ்வளவுதான். பூ ரெண்டுக்கும் ஒரே அளவு. அந்துவானெத் உத்தரவு.

அதனால பின்வரிசை ஐயா... நான் சொல்ல வர்றது இதுதான். நாம கலந்து பிறந்த சனம். ஒரு பக்கம் தெரியும், ஒரு பக்கம் தெரியாது. அதுல வெட்கம் என்ன இருக்கு? தெரியாத இடத்துல அழகான ஆளைப் பார்த்து மாட்டி வெச்சோம்னா, தெரிஞ்ச அஞ்சலையும் சேர்ந்து மறைஞ்சு போறா. படம் இருக்கறவங்க படம் கொண்டு வாங்க. இல்லாதவங்க ஒரு பேரை எழுதிக் கொண்டு வாங்க. பேரும் தெரியலயா? பரவாயில்ல, ஒரு ஆணி அடிச்சு இடத்தைக் காலியா விடுங்க. ஆனா தயவு செஞ்சு அடுத்தவர் தாத்தாவை மாட்டாதீங்க... பேரப் பிள்ளைங்க தேடிக்கிட்டு வந்துடுவாங்க!