‘அவர்’ என்ற பெயரில் ஓர் எண்

மார்ச் பதினொன்றாம் தேதி, செவ்வாய்க்கிழமை, பதினொன்றாவது மாடியில் உள்ள எங்கள் வீட்டின் சாப்பாட்டு மேசையில், என் மனைவியின் பழைய போனில் இருந்த எண்களைப் புதிய போனுக்கு மாற்றினேன்.

இது ஒன்றும் பெரிய வித்தை இல்லை. இரண்டும் ஒரே வகைப் போனாக இருந்தால் பக்கத்தில் வைத்தாலே போதும், தானாக ஏறிவிடும். வகை வேறு என்றால் கொஞ்சம் கைவேலை உண்டு. எண்கள் எல்லாவற்றையும் ஒரே கோப்பாகச் சேமித்து, மின்னஞ்சலில் அனுப்பி, புதிய போனில் திறக்க வேண்டும். சிம்மில் கொஞ்சம், போனில் கொஞ்சம் என்று சிதறிக் கிடப்பவை இரட்டை இரட்டையாக வந்து நிற்கும். அவற்றை உட்கார்ந்து சரிபார்க்கத்தான் நேரம் பிடிக்கும். பழைய உரையாடல்கள் இப்படி வராது. அவற்றுக்குத் தனி வழி இருக்கிறது. அதை நான் செய்யவில்லை.

புதிய போனை வாங்கிவந்தது நான்தான். அவளுடைய பழைய போனின் திரையில் ஒரு மூலையிலிருந்து விரிசல் ஓடிக்கொண்டிருந்தது. என்னுடையதும் இந்த வகைதான், வீட்டில் இரண்டும் ஒன்றாக இருந்தால் சார்ஜருக்குச் சண்டை வராது என்றேன்.

“நம்பரெல்லாம் முழுசா வந்துடுமா? போன தடவை மாத்தினப்போ எலக்ட்ரீஷியன் காணாம போயிட்டார்.”

“இந்தத் தடவை ஒருத்தரும் காணாம போக மாட்டாங்க.”

“‘எடுக்காதே ஒண்ணு’, ‘எடுக்காதே ரெண்டு’ போனா போகட்டும். மத்தவங்க எனக்கு வேணும்.”

அவள் எண்களைச் சேமிக்கும் விதம் அப்படி. எதையாவது விற்கக் கூப்பிடுகிறவர்கள் ‘எடுக்காதே’. முடி வெட்டும் பெண் ‘கத்தரிக்கோல்’. மேல் வீட்டுப் பெரியவர் ‘இருமல்’. யாருக்கும் சொந்தப் பெயர் கிடையாது. அவளுடைய அக்கா ‘அக்கா’. நான் ‘அவர்’.

அவள் துணி காயப்போடப் பால்கனிக்குப் போனாள். கோப்பு ஏறிக்கொண்டிருந்தபோது பழைய போனில் அக்காவிடமிருந்து ஒரு செய்தி வந்தது. நான் தேடிப் போய்ப் படிக்கவில்லை, அது என் கண் முன்னால் வந்து நின்றது.

“அம்மாவும் நானும் உனக்கு ரூம் ரெடி பண்ணிட்டோம். லிஃப்ட்டுக்காரன்கிட்ட முன்னாடியே சொல்லாதே. சொன்னா அவன் உன்னைப் பேசியே உக்கார வெச்சிடுவான். டிக்கெட் போட்டதும் சொல்லுடி.”

லிஃப்ட்டுக்காரன் என்பதில் எனக்கு வருத்தமில்லை. லிஃப்ட் பராமரிப்பு என் தொழில். ‘அவன்’ என்பதைத்தான் இரண்டு முறை படித்தேன். நேரில் பார்த்தால் அதே அக்கா, “வாங்க தம்பி, பயணமெல்லாம் நல்லா இருந்துச்சா” என்பார்.

என் தொழிலைப் பற்றிக் கொஞ்சம் சொன்னால்தான் மற்றது உங்களுக்கு விளங்கும். பத்தொன்பது வருடமாக, நின்றுபோன லிஃப்ட்டுகளிலிருந்து ஆட்களை எடுத்து வருகிறேன். மாட்டிக்கொண்டவர்கள் முதலில் கதவைத் தட்டுவார்கள், பிறகு கத்துவார்கள். உள்ளே அழைப்புப் பொத்தான் இருக்கிறது. அதை அழுத்தி, எதிர்முனையில் ஒரு குரல் கிடைத்துவிட்டால் போதும், அடங்கிவிடுவார்கள். அப்படியே தரையில் உட்கார்ந்துவிடுவார்கள். நாங்கள் போய்ச் சேர ஒரு மணி நேரம் ஆனாலும் உட்கார்ந்திருப்பார்கள். பதில் வராவிட்டால்தான் ஆபத்து. கதவைப் பிளந்து வெளியே வரப் பார்த்து விழுந்தவர்களையும் பார்த்திருக்கிறேன்.

எங்கள் நிறுவனத்தில் அந்தக் குரல் கட்டுப்பாட்டு அறையில் இருக்கும் ஓர் அம்மாளுடையது. மெக்கானிக்குகள் எல்லோருக்கும் அவர் ‘கன்ட்ரோல் அக்கா’. உள்ளே இருப்பவர் வெளியே வரும்வரை அவர் இணைப்பைத் துண்டிக்க மாட்டார். சாப்பாட்டு நேரத்தில் அவர் கதைகளை வீட்டில் சொல்வேன். மனைவி சிரிப்பாள். ஒருமுறை கேட்டாள்: “அப்போ பட்டனை அமுக்கினா உங்களுக்கு வராதா?”

“எனக்கு வராது. அக்காவுக்குத்தான் போகும். அவங்க அனுப்பினா நான் போவேன்.”

அந்தச் செவ்வாய்க்கிழமை நான் செய்தது இவ்வளவுதான். புதிய போனில் புதிய சிம் போட்டேன். பழைய எண்ணுக்கு வீட்டுக்குள் சிக்னல் விட்டு விட்டுத்தானே வருகிறது என்றேன், அது உண்மையும்கூட. புது எண்ணை எல்லோருக்கும் அனுப்பிவிட்டதாகச் சொன்னேன். எண்களைச் சரிபார்க்கும்போது அவளுடைய பழைய அலுவலகத் தோழிகள், கூடப் படித்தவர்கள் எல்லோருக்கும் ஓர் இலக்கத்தை மாற்றினேன். ‘அக்கா’ என்ற பெயருக்குக் கீழே நான் வாங்கிவைத்திருந்த வேறொரு சிம்மின் எண்ணைப் போட்டேன். ‘கத்தரிக்கோல்’, ‘இருமல்’ இரண்டையும் தொடவில்லை. ‘அவர்’ எந்த மாற்றமும் இல்லாமல் அப்படியே வந்தது.

பழைய போனைக் கடையில் கொடுத்துவிட்டதாகச் சொல்லி என் கருவிப் பெட்டியில் வைத்துக்கொண்டேன். அதில் இரண்டு சிம் போடலாம். ஒன்றில் அவளுடைய பழைய எண், அக்காவுக்கு அவளாக நான் எழுதுவதற்கு. இன்னொன்றில் புதிய ‘அக்கா’, அவளுக்கு அக்காவாக நான் எழுதுவதற்கு. இருவருக்கும் பதில் போய்க்கொண்டே இருந்தது. யாரும் கத்தவில்லை.

அவளுடைய நிஜ அக்கா விமானத்தில் போகவேண்டிய தூரத்தில், ஒரு மருத்துவமனையின் அறுவை அரங்கில் வேலை செய்கிறார். அது வசதியாக இருந்தது. மனைவி போன் செய்தால் துண்டித்துவிட்டு, “தியேட்டர்ல இருக்கேன், எழுதுடி” என்று அனுப்புவேன். அக்கா கூப்பிட்டால், “வீட்ல சிக்னல் இல்ல, எழுதுக்கா” என்று அனுப்புவேன். அவள் பக்கம் பக்கமாக எழுதுவாள். யாரைக் கூப்பிட்டாலும் எண் உபயோகத்தில் இல்லை என்று வருகிறது, இல்லாவிட்டால் வேறு யாரோ எடுக்கிறார்கள், எல்லோரும் சேர்ந்து என்னை ஒதுக்கிவிட்டார்கள்போல என்று எழுதினாள். “அவங்கவங்களுக்கு ஆயிரம் வேலைடி” என்று சமாதானம் சொன்னேன். அவளுக்கு ஒரு எண்ணும் மனப்பாடமாகத் தெரியாது. யாருக்குத்தான் இப்போது தெரிகிறது? உங்கள் மனைவியின் எண்ணைப் போனைப் பார்க்காமல் சொல்லுங்கள் பார்ப்போம்.

அக்காவின் பேச்சு எனக்குச் சீக்கிரமே பிடிபட்டது. ‘ஏய் மண்டு’ என்று தொடங்குவார். அம்மாவை ‘இருக்கா, சொல்றா’ என்றுதான் எழுதுவார். எல்லாவற்றையும் பழைய செய்திகளைப் பார்த்துக் கற்றுக்கொண்டேன். ஒரே ஓர் இடத்தில் மட்டும் விரல் நின்றது. முதல் வாரமே, கிளம்பும் யோசனை இப்போது வேண்டாம் என்று எழுத வேண்டியிருந்தது. “அவன் சொல்றதையும் கொஞ்சம் கேளு” என்று அடித்தேன். பார்க்க நன்றாக இல்லை. என்னை நானே அப்படி எழுதிக்கொள்ள எனக்குக் கை வரவில்லை. ‘ன்’ என்பதை அழித்து ‘ர்’ போட்டு அனுப்பினேன்.

நீங்கள் திரும்பத் திரும்பக் கேட்பதால் சாவியைப் பற்றியும் சொல்கிறேன். வீட்டுக்கு ஒரே சாவிதான். இரண்டு இருந்தால் ஒன்று தொலையும். வேலைக்குப் போகும்போது பூட்டுவேன், அவளுடைய பாதுகாப்புக்காக. மாலையில் நான் வந்த பிறகு அவள் குப்பையைப் போட லிஃப்ட்டில் கீழே போய்வருவாள். அப்போது நான் கூடப் போனதே இல்லை. பதினொன்றாவது மாடியில் கதவுக்கு எதிரே நின்று, மேலே எரியும் எண் குறைவதையும் பிறகு கூடுவதையும் பார்த்துக்கொண்டிருப்பேன். தரைத்தளத்தில் எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்பது எனக்குத் தெரியும்.

முதல் மாதத்துக்குப் பிறகு அவள் அக்காவுக்கு எழுதியவற்றை நீங்கள் படிக்க வேண்டும். “அவர் என்னை நல்லா பாத்துக்கறார்க்கா.” “இங்கயே இருந்துடலாம்னு தோணுது.” மதியம் லிஃப்ட் பெட்டியின் மேல்தட்டில் உட்கார்ந்து சாப்பிடும்போது அவற்றை எடுத்துப் படிப்பேன். எங்கள் கல்யாண வாழ்க்கையில் அவள் என்னைப் பற்றி அவ்வளவு நல்லதாகச் சொன்னது அப்போதுதான்.

ஜூன் மாதம் அவளுடைய அம்மாவுக்கு உடம்புக்கு முடியாமல் போனது. அக்கா பழைய எண்ணுக்கு எழுதினார். நிறையவே எழுதினார். “லீவ் கிடைக்கல, பார்க்கலாம்” என்று மனைவியாகப் பதில் போட்டேன். வேலையை விட்டவளுக்கு என்ன லீவ் என்று அவர் திட்டினார். அது என் கவனக்குறைவு. பிறகு அந்த அம்மாளே பேசிய ஒரு குரல் பதிவு வந்தது. மூச்சு வாங்கப் பேசினார். “என்னடி கோவம் என்மேல? நீ வர வேண்டாம். ஒரு தடவை அம்மான்னு சொல்லு, போதும்.” அடுத்த வாரம் அக்கா எழுதினார்: “அம்மா போயிட்டா. இனிமே எனக்கு எழுதாதே.”

நான் எழுதவில்லை. அந்தக் குரல் பதிவு இன்னும் அந்தப் போனில் பத்திரமாக இருக்கிறது. நான் நினைத்திருந்தால் அழித்திருக்கலாம். இதை நீங்கள் தவறாமல் குறித்துக்கொள்ள வேண்டும்.

மனைவியிடம் சொன்னால் தாங்க மாட்டாள் என்பது எனக்குத் தெரியும். ஆகவே அக்காவாக இருந்து, அம்மா நன்றாக இருக்கிறாள் என்றே எழுதிவந்தேன். “அம்மாகிட்ட ஒரு நிமிஷம் போனைக் குடுக்கா, குரல் கேட்டா போதும்” என்று கேட்டாள். “தூங்கறா” என்றேன். மறுபடி ஒருநாள் கேட்டாள். அன்றைக்கும் “தூங்கறா” என்றேன். ஒரே காரணத்தை இரண்டு முறை சொல்லியிருக்கக் கூடாது. அதற்குப் பிறகு அவள் கேட்கவில்லை.

மறுநாள் மாலை குப்பைப் பையோடு லிஃப்ட்டில் ஏறினாள். பத்து, ஒன்பது, எட்டு, ஏழு. ஆறில் எண் நின்றது. ஆறாவது மாடியில் கதவு திறக்கும் சத்தம் கேட்கவில்லை. எங்கள் கட்டட லிஃப்ட்டையும் எங்கள் நிறுவனம்தான் பராமரிக்கிறது, பழையது, சில சமயம் மக்கர் பண்ணும். கதவில் வாயை வைத்து, “பயப்படாதே, நான் இருக்கேன்” என்று சத்தமாகச் சொன்னேன். பதில் இல்லை. கருவிப் பெட்டியை எடுக்க உள்ளே போனபோது என் போன் அடித்தது. கன்ட்ரோல் அக்கா.

“தம்பி, எங்கப்பா இருக்கே?”

“வீட்லதான்கா. இங்க நம்ம லிஃப்ட்டே நின்னுடுச்சு. உள்ள என் வீட்டுக்காரி. அஞ்சு நிமிஷத்துல எடுத்துடறேன்.”

“வேணாம். நீ கை வைக்காதே.”

“என்னக்கா சொல்றீங்க, நான் இங்கயே…”

“கை வைக்காதேன்னு சொல்றேன்ல. வேற ஆள் வந்துட்டிருக்கான். நீ பேசாம உக்காரு.”

எங்கள் வேலையில் கட்டுப்பாட்டு அறை சொன்னால் சொன்னதுதான். படிக்கட்டில் உட்கார்ந்தேன். கீழே இறங்கிப் போயிருக்கலாம். மேலே போயிருக்கலாம். ஏன் போகவில்லை என்று கேட்டால் தெரியாது, குரல் கிடைத்துவிட்டது, உட்கார்ந்துவிட்டேன். உங்கள் ஆட்கள் வரும்வரை உட்கார்ந்தே இருந்தேன்.

அந்த அழைப்பின் பதிவை நேற்று எனக்குப் போட்டுக்காட்டினீர்கள்.

“லிஃப்ட் நின்னுடுச்சாம்மா? பயப்படாதீங்க. உள்ள எத்தனை பேரு?”

“நான் ஒருத்திதான்கா. லிஃப்ட் நல்லாத்தான் இருக்கு, நான்தான் ஸ்டாப் பட்டனை அமுக்கி நிறுத்தினேன். வீட்லதான் மாட்டிக்கிட்டிருக்கேன். என்னை எடுக்க வர்றது அவனா இருக்கக் கூடாது.”

“எவன்மா?”

“உங்க மெக்கானிக்.”

கன்ட்ரோல் அக்கா, “சரிம்மா. நான் லைன்லயே இருக்கேன். வைக்க மாட்டேன்” என்றார்.

கையில் போன் இருந்தும் அவள் ஏன் காவல் நிலையத்தைக் கூப்பிடவில்லை என்று நான்தான் உங்களிடம் கேட்டேன். அந்தப் போனில் எந்த எண்ணை அழுத்தினாலும் நான்தான் எடுப்பேன் என்று அவள் நம்பியதாகச் சொன்னீர்கள். அது மிகை. அவசர எண்ணை நான் தொடவே இல்லை. முதல் வாரத்தில் வந்த அந்த ‘அவர்’ என்ற சொல்லைப் பார்த்ததுமே, எழுதுவது அக்கா இல்லை என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது என்றும் சொன்னீர்கள். அக்கா ஒருநாளும் அப்படி எழுத மாட்டாளாம். அப்படியானால் அதற்குப் பிறகு என்னைப் பற்றி நல்லதாக எழுதியதெல்லாம், படிப்பது நான் என்று தெரிந்தே எழுதியது. அதனால் என்ன? எனக்கே எழுதியதுதானே. அதைப் பொய் என்று என்னால் எடுத்துக்கொள்ள முடியவில்லை.

அம்மா இறந்த விஷயத்தை அவளுக்குச் சொன்னது உங்கள் நிலையத்தில் ஒரு பெண் காவலர் என்று கேள்விப்பட்டேன். அவளுடைய அக்கா வந்து அவளை அழைத்துப் போய்விட்டார். எண்களை மாற்றியது, இருவர் பெயரிலும் எழுதியது, அம்மாளின் குரலை மறைத்தது, கதவைப் பூட்டியது எல்லாம் நான்தான். யாரும் எனக்கு உதவவில்லை.

இன்று காலை அவளுடைய புதிய போனை என் முன்னால் வைத்து, இதில் உங்கள் எண்ணை அடையாளம் காட்டுங்கள் என்றீர்கள். எழுத்து வரிசையில் தேடினேன். ‘அவர்’ என்று யாரும் இல்லை. அந்த இடத்தில் ‘அவன்’ என்று இருந்தது. திறந்து பார்த்தேன். எண் என்னுடையதுதான். ஓர் இலக்கம்கூட மாறவில்லை.