பின்கதவின் படம்

இந்த மேசைக்கு ஒரு கால் குட்டை. காகிதத்தை மடித்து அண்டக் கொடுத்தால் ஆடாது. எதுவும் கோணலாக இருந்தால் எனக்கு இருப்புக்கொள்ளாது. பத்திரிகைக்குப் படமெடுப்பவளுக்கு அது கெட்ட குணம் இல்லை.

தையல் ஆலையின் பின்கதவைப் பூட்டி வைக்கிறார்கள், தீப்பிடித்தால் யாரும் வெளியே வர முடியாது என்று மாதக்கணக்கில் எழுதினோம். யாரும் சட்டை செய்யவில்லை. ஆசிரியர் என்னைக் கூப்பிட்டார். "எழுதிக் கிழிச்சது போதும். அந்தப் பூட்டை அட்டையில போடு. பார்க்கிறவனுக்கு மூச்சு முட்டணும்."

போனேன். கதவில் பூட்டு இல்லை.

எங்களுக்கு ரகசியமாகச் செய்தி சொல்லி வந்த பொத்தான் தைக்கும் பெண் ஓடி வந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். "நேத்தே கழட்டிட்டாங்கக்கா. பூட்டே கிடையாது, பத்திரிகைக்காரங்க பொய் சொல்றாங்கன்னு முதலாளி கேஸ் போடப் போறாராம். போடட்டுமே, கதவு திறந்தாச்சுல்ல?"

"அப்ப அட்டைக்கு நான் என்ன போடுறது?"

"என்னைப் போடுங்க. மூக்கு மட்டும் கொஞ்சம் சின்னதா வர்ற மாதிரி எடுங்க."

சிரித்துக்கொண்டே வேலைக்குப் போய்விட்டாள். எனக்கு நிலைகொள்ளவில்லை. தெருவில் மேலும் கீழும் நடந்தேன். பிறகு பழைய இரும்புக் கடையில் ஒரு பூட்டு வாங்கினேன். நான் எதையும் புதிதாகச் சேர்க்கவில்லை. இருந்ததை இருந்த இடத்தில் வைத்தேன், அவ்வளவுதான். சும்மா தொங்கவிட்டால் தளர்ந்து தெரிந்தது. அழுத்திப் பூட்டினேன். அதற்குள் வெயில் போய்விட்டது. காலையில் அந்தக் கதவின்மேல் சாய்வாக வெளிச்சம் விழும் என்று அப்படியே விட்டுவிட்டு வந்தேன்.

மறுநாள் சந்துக்குள் திரும்பும்போதே புகை தெரிந்தது. உள்ளேயிருந்து கதவைத் தட்டிக்கொண்டிருந்தார்கள். பொத்தான்காரி இடுக்கு வழியாக என்னைப் பார்த்திருக்க வேண்டும்.

"அக்கா, நீங்களா? நல்லவேளை வந்தீங்க. எவனோ மறுபடி பூட்டிட்டான். உடைங்கக்கா."

சாவி என் பையில்தான் இருந்தது. திறந்திருக்கலாம் என்று, வாக்குமூலம் எழுதிக்கொள்ளும் நீங்கள் சொல்வது எனக்கும் புரிகிறது. ஆனால் வெளிச்சம் நின்று காத்திருக்காது. அவர்கள் தட்டத் தட்டப் பூட்டு குதித்தது. எடுத்த படமெல்லாம் கலங்கலாக வந்தது. பொறுத்துப் பார்த்தேன்.

தட்டுவது நின்றபின் எடுத்ததுதான் அட்டையில் வந்தது. நீங்களும் பார்த்திருப்பீர்கள். நாங்கள் எழுதியது பொய் என்று இனி அந்த முதலாளியால் எந்த நீதிமன்றத்திலும் சொல்ல முடியாது.