டெல் ஏன் ஓடவில்லை

மழை வரப்போகிறது என்றால் என் வலது கையின் நடுவில் உள்ள இரண்டு விரல்களும் முதல் நாளே குடைய ஆரம்பித்துவிடும். பந்தாட்டத்தில் உடைந்தவை. காப்பிக் கோப்பையை இடது கையில் பிடித்திருப்பது அதனால்தான். நடுக்கம் ஒன்றும் இல்லை ஐயா.

சுரங்க ஆய்வாளராக நீங்கள் கேட்டது ஒரே கேள்வி. இந்த மாநிலத்திலேயே வேகமாக ஓடியவன் டெல்பர்ட் யூரிக். கூரை இறங்கும்போது அவன் ஏன் ஓடவில்லை? நியாயமான கேள்வி.

நாங்கள் இருவரும் ஒரே பள்ளத்தாக்கு. அப்பாக்கள் இருவரும் ஒரே ஷிப்டில் கரி வெட்டியவர்கள். பள்ளி அணியில் டெல் பந்தை விலாவில் இடுக்கிக்கொண்டு ஓடுவான். நான் முன்னால் போய் எதிரே வருகிறவனை இடித்துச் சாய்ப்பேன். அந்தச் சந்தில் அவன் புகுந்து போவான். கூட்டம் அவன் பெயரைக் கத்தும். என்னை அவன் 'மாடு' என்பான். கல்லூரிக்காரர்கள் தங்கள் அணிக்கு ஆட அவன் வீட்டுக்கு வந்து கூப்பிட்டபோது, "மாடு வந்தாத்தான் நான் வருவேன்" என்று சொல்லிவிட்டான். எனக்கு இடம் கிடைத்தது அப்படித்தான். அதை நான் மறைக்கவில்லை.

மூன்றாம் வருடம் ஆட்டங்களில் பந்தோடு அவன் ஓடிக் கடந்த மொத்தத் தூரம் அந்தக் கல்லூரியில் அதுவரை யாரும் ஓடாதது. பத்திரிகை அட்டையில் படம் வந்தது. சம்பளத்துக்கு ஆடும் பெரிய அணிகளின் ஆட்கள் அவனைப் பார்க்க வந்தார்கள். அந்த வருடத்தோடு கிளம்புவதாக என்னிடம்தான் முதலில் சொன்னான். அவன் போய்விட்டால் என்னைப் பார்க்க யார் வருவார்கள்? இன்னும் ஒரு வருடம் இருந்தால் நானும் அவர்கள் கண்ணில் படுவேன். ஒரு கணுக்கால் சுளுக்கு போதும் என்று நினைத்தேன். அவனுக்கும் அது நல்லதுதான். படிப்பையாவது முடித்திருப்பான்.

பந்து கைநழுவித் தரையில் விழுந்தால் இரண்டு அணியும் அதன் மேல் பாயும். ஆள் மேல் ஆள் விழுந்து குவியலாகிவிடும். குவியலுக்குள் நடுவர் கிடையாது. கண்ணில் விரல் விடுவார்கள், கடிப்பார்கள், விதையைப் பிடித்து நசுக்குவார்கள். எழுந்த பிறகு யாரும் வாயைத் திறப்பதில்லை. அந்த நவம்பரில் டெல் பந்தைத் தவறவிட்டான். குவியலின் அடியில் அவன் பாதம் என் கைக்கு வந்தது. திருப்பினேன். போனது கணுக்கால் அல்ல, முழங்கால். சுரங்கத்தில் மரத்தூண் விரிசல் விடும்போது வரும் அதே சத்தம். சத்தம் வந்த பிறகும் இன்னும் கொஞ்சம் திருப்பினேன். தொட்ட வேலையை அரைகுறையாக விட எங்கள் வீட்டில் பழக்கவில்லை.

தூக்குப் படுக்கையின் ஒரு முனையை நானேதான் பிடித்தேன்.

பெரிய அணிகள் இருவரையும் எடுக்கவில்லை. ஊர் திரும்பிக் கரிக்குள் இறங்கினோம். காலை இழுத்து நடப்பவனுக்கு வேலை தரச் சொல்லி மேலாளரிடம் பேசியது நான்.

கரி தீர்ந்த இடத்தில் தூண்களைச் சம்மட்டியால் தட்டிவிட்டு, கூரையை நாங்களே இறக்கிவிட்டுப் பின்வாங்குவோம். உங்களுக்குத் தெரிந்ததுதான். தட்டுகிறவன் முதலில் "போகுது" என்று கத்த வேண்டும். எல்லோரும் போட்டது போட்டபடி ஓடுவார்கள். அப்புறம்தான் அடி. டெல்லுக்காக எங்கள் கூட்டத்தில் இன்னொரு வழக்கமும் இருந்தது. அவன் தூணைத் தாண்டி வெளியே வந்த பிறகுதான் சம்மட்டியையே தூக்குவோம்.

போன வியாழன் இருவரும் உட்கார்ந்து காரமான இறைச்சி வைத்த பெப்பரோனி ரொட்டி தின்றுகொண்டிருந்தோம்.

"சனிக்கிழம பள்ளிக்கூட மைதானத்துக்கு என் பேரு வெக்கிறாங்கடா மாடு. மைக் வேற குடுக்குறாங்க. என்ன பேசட்டும்?"

"நன்றி சொல்லிட்டு எறங்கு. நீ பேச ஆரம்பிச்சா பாதிப் பேரு பீர் கடைக்குப் போயிருவான்."

"உன்னப் பத்திப் பேசலாம்னு பாக்குறேன்."

"என்னன்னு?"

"குவியலுக்குள்ள என் காலப் பிடிச்ச கையில ரெண்டு வெரலச் சேத்து டேப் சுத்தியிருந்துச்சு. நம்ம டீம்ல அப்பிடிச் சுத்துனவன் நீ ஒருத்தன்தானே, தடியா." வாயில் ரொட்டியோடு சிரித்தான். "மூஞ்சியப் பாரு! பயந்துட்டியா? இத்தன வருசமா சொல்லாதவன் இப்பவா சொல்லப்போறேன்? தின்னுடா."

அந்தப் பள்ளியில் சாயங்காலம் பையன்களுக்கு ஆட்டம் சொல்லிக்கொடுப்பவன் நான். ஊரில் எனக்கு இருக்கும் மரியாதை அது ஒன்றுதான். அவன் சொல்ல மாட்டான் என்றுதான் நானும் நம்பினேன். ஆனால் மைக்கின் முன்னால் நிற்கிற மனிதனை முழுதாக நம்ப முடியாது ஐயா.

சாப்பிட்டு முடித்ததும் தன் கடப்பாரையை எடுக்க அவன் உள்ளே போனான். நான் வெளிப்பக்கம், தூணருகில் நின்றேன். மற்றவர்கள் தூரத்தில் கரி வண்டியிடம். சம்மட்டியைத் தூக்கினேன். இரண்டு அடி போட்டேன். இரண்டாவது அடிக்கு முன்னால் அவன் திரும்பிப் பார்த்தான். ஒரு காலம் இருந்தது, அந்தத் தூரத்தை அவன் மூச்சு வாங்காமல் ஓடியிருப்பான். ஆகவே அவனைக் கொன்றது முழங்கால்தான் என்று உங்கள் அறிக்கையில் எழுதினால் அது பொய்யாகாது.

தூசி அடங்கியபோது அவன் கை மட்டும் வெளியே தெரிந்தது. விரல்கள் மூடித் திறந்தன. அவை நிற்கும்வரை பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். அவனைத் தனியாக விட மனம் வரவில்லை.

பிறகு தொண்டை கிழியக் கத்தினேன். எல்லோரும் சாட்சி சொல்லியிருப்பார்கள். உண்மைதான், கத்தினேன். ஆனால் டெல்லுக்கு நான் தர வேண்டியிருந்தது அடிக்கு முன்னால் ஒரு கத்தல். அதை நான் அவனுக்குக் கொடுக்கவில்லை. அது இன்னும் பாக்கி.