எட்டு ஜோடிக் காலுறை

மாண்புமிகு இளவரசி அதெல்ஹைட் அவர்களுக்கு,

எங்கள் ஊர் வெண்ணெய் தங்கள் தாயார் எழுதியிருக்கும் அளவுக்கு மஞ்சள் இல்லை. ஜூன் மாதம் மாடுகள் மேல்புல்வெளிக்குப் போன பிறகு கொஞ்சம் நிறம் ஏறும், அவ்வளவுதான். மறைந்த ராணியம்மாவின் விடுமுறைக் குறிப்பேடு, இரண்டாம் பாகம், நாற்பத்தோராம் பக்கம். பிழை கண்டவர்கள் எழுதினால் அடுத்த பதிப்பில் திருத்துவோம் என்று கடைசித் தாளில் நீங்கள் அச்சிட்டிருக்கிறீர்கள். லேங்டால் தபால் நிலையத்தில் முப்பது வருஷமாக உட்கார்ந்து, ஊரார் கடிதங்களை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தே பாதி படித்துவிடும் எனக்கு இதைவிடப் பெரிய அழைப்பு வேண்டாம்.

ஐம்பத்தாறாம் பக்கத்தில் பாதிரியாரின் கழுதை என்று வருவது கோவேறு கழுதை. பாதிரியார் இதை இன்னமும் மனதில் வைத்திருக்கிறார். நூற்று முப்பத்தோராம் பக்கத்தில், செப்டம்பரில் மந்தை இறங்கி வந்தபோது கழுத்து மாலையை உதறிப் போட்டுவிட்டு வந்ததாக ஒரு குறும்புக்காரப் பசு வருகிறது. அந்தப் பசு எதையும் உதறவில்லை. அதைச் சொல்ல வேண்டுமானால் நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தையும் சொல்லியாக வேண்டும். அதற்கு முன்னால் முதல் பாகம் வந்த கதையை.

முதல் பாகம் ராணியம்மா இருக்கும்போதே வந்தது. அதில் யார் பெயர் வருகிறதோ அவர்களுக்கெல்லாம் கையொப்பமிட்ட பிரதி ஒன்று. பக்கத்து வீட்டுப் புர்கிக்கு வந்தது. எனக்கு வரவில்லை. அதை அவளிடம் கொண்டுபோய்க் கொடுத்ததும் நான்தான். அவளுக்கு எழுத்து தெரியாது என்பதால் உட்கார்ந்து படித்துக் காட்டியதும் நான்தான். அவள் போட்ட காபிக்கு ஒன்றரைப் பக்கம். அவள் புருஷன் கோர்பினியன் அரச குடும்பத்தின் வழிகாட்டி. அவனுடைய தாடிக்கும் கெண்டைக்காலுக்கும் சேர்த்து மூன்று பக்கம். கடைசியில் நானும் இருந்தேன். 'வழியில் ஒரு பருத்த பெண் கட்டைக் கதவைத் திறந்துவிட்டு நிறையப் பேசினாள்.' பருத்த என்பதில் பிழை இல்லை.

புர்கி சிரித்துவிட்டாள். "ஒன் பேரு இல்லையேடி சென்சி. நீ பேசுன பேச்சுல அவங்களுக்குக் கேக்கவே நேரம் பத்தலை போல."

நானும் சிரித்தேன். அன்றைக்கே கம்பளி நூல் வாங்கினேன்.

நான் என்ன பெரிதாக ஆசைப்பட்டேன் என்று நினைக்கிறீர்கள்? ஒரு வரி. பெயரோடு ஒரு வரி. அடுத்த ஆகஸ்டில் எட்டுப் பேர் குதிரையில் ஆற்றைக் கடந்து வேட்டை மாளிகைக்குப் போகிறார்கள் என்று தந்தி வந்தது. தந்தி என் கை வழியாகத்தான் போக வேண்டும். ஆற்றுத் துறை என் வீட்டுப் பின்புறம். எட்டுப் பேரும் முழங்கால் வரை நனைந்தால் மிக அருகில் இருக்கும் அடுப்பு என்னுடையது. எட்டு ஜோடி பின்னினேன். சின்னதில் ஆரம்பித்துப் பெரியது வரை. சின்னதற்குச் சிவப்புக் கரை வைத்தேன்.

எங்கள் துறையில் ஆழமில்லாத தடத்தைக் காட்டப் பதினொரு கற்கள், சுண்ணாம்பு பூசியவை. வருஷாவருஷம் யோவான் திருநாளன்று வழிகாட்டிதான் பூச வேண்டும். வேறு யாரும் தொட மாட்டார்கள். ஓடுகிற தண்ணீரைப் பார்த்தால் தலை சுற்றும் என்பதால் எங்கள் வழிகாட்டிகள் தண்ணீரையே பார்ப்பதில்லை. கற்களைப் பார்த்துத்தான் கால் வைப்பார்கள். முந்தின நாள் ஊரெல்லாம் பால் கறக்கப் போயிருந்த நேரத்தில் மூன்று கற்களை நகர்த்தினேன். பதினொன்றில் மூன்று, அதுவும் ஆறு ஓடும் திசையில் கல்லுக்கு ஒரு முழம். இந்த உடம்பை வைத்துக்கொண்டு குனிந்து நிமிர்ந்ததில் இடுப்பு பிடித்துக்கொண்டது. யாரும் அனுதாபப்படவில்லை. யாரிடம் சொல்ல முடியும்?

இரவு மலையில் மழை பெய்தது. அது என் கணக்கில் வராது.

காலையில் கோர்பினியன் தபால் பையை வாங்க வந்தான். அவன் தோளுக்குப் பின்னால் ஆறு காபி நிறத்தில் போய்க்கொண்டிருந்தது. குளிருக்கு ஒரு மடக்குப் பழச்சாராயம் ஊற்றிக் கொடுத்தேன். வேண்டாம் என்றான், வற்புறுத்தினேன்.

"தண்ணி கொஞ்சம் ஏறித்தான் இருக்கு," என்றான். "பரவாயில்ல. கல்லு இருக்குல்ல."

சொல்லியிருக்கலாம். இந்தப் பதினைந்து வருஷத்தில் அதை யோசிக்காமல் இல்லை. ஆனால் அடுப்பில் பிளம் கேக் இருந்தது. நடுவில் திறந்தால் அமுங்கிவிடும். நான் உள்ளே போனேன்.

மிச்சம் உங்களுக்கு நினைவிருக்குமோ என்னவோ. உங்களுக்கு ஏழு வயது, மூன்றாவது குதிரை. ஆறாவது கல்லுக்கு அப்பால் குதிரைக்குத் தரை கிடைக்கவில்லை. கோர்பினியன் உங்களைச் சேணத்திலிருந்து பிடுங்கிக் ஏற்கெனவே கடந்து கரையில் நின்ற சீமாட்டி ஒருவரின் மேல் எறிந்தான். அதற்குப் பிறகு அவனுக்குப் பிடித்துக்கொள்ள எதுவும் இருக்கவில்லை. இரண்டு நாள் கழித்து மாவு ஆலைக்குக் கீழே கிடைத்தான். உங்கள் காலில் சிவப்புக் கரைக் காலுறையை மாட்டியது நான். அளவு கச்சிதமாக இருந்தது.

ராணியம்மா என் அடுப்படியில் உட்கார்ந்திருந்தார்கள். "இவ்வளவு பழகினவன், எப்படிம்மா தடம் மாறினான்?" என்று கேட்டார்கள். என்னிடம், என் முகத்தைப் பார்த்து. அரசியே கேட்கும்போது தெரியாது என்று எப்படிச் சொல்வது? "காலையில எங்க வீட்டுல கொஞ்சம் குடிச்சிட்டுத்தான் போனாருங்க," என்றேன். அதில் ஒரு சொல்கூடப் பொய் இல்லை.

எங்கள் பக்கத்தில் மனிதன் விழுந்த இடத்தில் பெயரெழுதிய நினைவுப் பலகை நடுவது வழக்கம். கோர்பினியனுக்கு நட மாளிகை அனுமதி தரவில்லை. காரணமும் சொல்லவில்லை. வழிகாட்டிக்கான வீட்டைக் காலி செய்யச் சொன்னார்கள். புர்கிக்குத் தபால் நிலையத்துப் பின்னறையைக் கொடுத்தது நான்தான். இதைப் பற்றி எந்தப் புத்தகத்திலும் ஒரு வரி இல்லை.

இனி பசு. எங்கள் வழக்கப்படி, கோடையில் ஊரில் சாவு விழுந்தால் செப்டம்பரில் மாடுகள் மாலையில்லாமல் இறங்க வேண்டும். ராணியம்மா மாலை பார்க்கக் காத்திருப்பார்கள், அவன் புல்வெளியிலா செத்தான், ஆற்றில்தானே என்று வீடு வீடாகப் போய்ப் பேசினேன். எல்லா மாடும் மாலையோடு இறங்கியது. புர்கி தன் பசுவின் மாலையை மட்டும் தன் கையால் அவிழ்த்தாள்.

இரண்டாம் பாகம் போன கிறிஸ்துமஸுக்கு வந்தது, ஊருக்கு ஒரு பிரதி. தினமும் சாயங்காலம் காபிக்கு வரும் புர்கிக்கு, ஆற்றில் நடந்ததைச் சொல்லும் நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தைப் பல முறை படித்துக் காட்டினேன். 'அவன் குடித்திருந்தானாம், பாவம்' என்ற வரியை மட்டும் ஒவ்வொரு முறையும் விட்டுவிட்டேன். இரக்கம் இல்லாதவள் அப்படிச் செய்வாளா?

போன மாதம் அவள் புத்தகத்தை எடுத்துக்கொண்டு பள்ளிக்கூட டீச்சரிடம் போனாள். திரும்பி வந்து எதிரில் உட்கார்ந்தாள். அழவில்லை.

"அவரு குடிக்க மாட்டாரேடி. ஒனக்குத் தெரியாதா?" என்றாள். பிறகு காபியைத் தள்ளி வைத்தாள். "அடுத்த வரியில ஒன்னப் பத்தி எழுதியிருக்காங்க. சென்சி முன்னாடியே தெரிஞ்சாப்பல எட்டு ஜோடி காலுறைய அடுப்பு மேல சூடா வச்சிருந்தாள்னு. நனையறதுக்கு முன்னாடி எதுக்குடி எட்டு ஜோடி காஞ்சுது?"

அவள் தள்ளி வைத்த கோப்பையை எடுத்துக் கழுவினேன்.

"நீயே எழுது," என்றாள். "ஊருல ஒன் கையெழுத்துதான் நல்லாருக்கும். எழுதி எனக்குப் படிச்சும் காட்டு. டீச்சரும் பக்கத்துல இருப்பாங்க."

ஆகவே திருத்தம் இது: கோர்பினியன் தடம் மாறவில்லை. தடத்தை மாற்றியது நான். அவனுக்குத் துறையில் பலகை நட உத்தரவிட வேண்டும். இதை நான் யாருடைய வற்புறுத்தலும் இல்லாமல், மனச்சாட்சியின்படி எழுதுகிறேன். டீச்சர் இந்த வாக்கியத்தை எடுக்கச் சொல்கிறார். புர்கி இருக்கட்டும் என்கிறாள்.

தங்கள் பணிவுள்ள,
கிரெசென்ஸ் (ஊராருக்குச் சென்சி), தபால் நிலையம், லேங்டால்

பின்குறிப்பு. மேலே உள்ளதைப் படித்துக் காட்டிவிட்டேன், அவர்கள் போய்விட்டார்கள். இது நமக்குள் இருக்கட்டும். நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் குடித்திருந்தான் என்ற வரியைத் தாராளமாக எடுத்துவிடுங்கள். காவலரை அனுப்புவதானாலும் அனுப்புங்கள், வீட்டில்தான் இருப்பேன். அடுத்த வரியில் மட்டும் கை வைத்துவிடாதீர்கள். என் பெயர் வருகிற இடம் அது ஒன்றுதான்.