டாக்டர் ஹாலமைச் சாகடிக்காதீங்க

இல்லம்மா, உக்காருங்க, டீயைக் குடிச்சு முடிங்க. கேன்டீன்ல புடிச்சாத்தான் உண்டு. மேல உங்க ரூமுக்கு வந்தா, எழுதிட்டிருக்காங்க, அப்புறம் வாங்கன்னு வெரட்டறாங்க.

வேலை போகுதேன்னு வந்திருக்கேன்னுதானே நெனைக்கறீங்க? அது எனக்குப் புதுசா என்ன? பள்ளிக்கூடம் முடிச்ச கையோட ஓல்டாம்ல நாடகக் கம்பெனில சேர்ந்தேன். வாரத்துக்கு ஒரு நாடகம். மீசை மொளைச்ச வயசுல தலையில வெள்ளையடிச்சுக் கெழவனா நிக்க வெச்சுட்டாங்க. இந்த மூஞ்சிக்குக் கதாநாயகன் வேஷம் எவன் குடுப்பான்? அப்புறம் லண்டன். கதவு தொறந்து விடற வேலைக்காரன், பாதிரியார், போலீஸ் சார்ஜென்ட். சினிமான்னா ஆரம்பத்துலயே செத்துக் கெடப்பேன். பஸ்ல பாக்கறவங்க, எங்க பேங்க்ல இருந்தவர்தானேம்பாங்க.

வருத்தப்பட்டதே இல்லம்மா. கம்பெனில எனக்குக் கோட்டு தெச்ச டோரீனைத்தான் கட்டிக்கிட்டேன். அவ சொல்லுவா, டெரிக், உன்னை அடையாளம் தெரியலைன்னா நீ ஒழுங்கா நடிச்சிருக்கேன்னு அர்த்தம்னு.

கடைசிக் காலத்துலதான் உங்க டிவி சீரியல்ல இந்த டாக்டர் ஹாலம் வந்தான். ரெண்டு நாள் ஷூட்டிங்னு கூப்பிட்டாங்க, ஒம்பது வருஷம் ஓடிருச்சு.

கதை எனக்கும் புரியுது. பனியில கார் கவுந்து சாவான், ஆஸ்பத்திரியே அழும். நல்லா எழுதியிருக்கீங்க, நெஜமாத்தான் சொல்றேன். ஆனா ஹாலம் அவன் மகளோட நியூசிலாந்து போயிட்டான்னு வெச்சா என்ன? நான் வர ஒரு சீன்கூட வேணாம். ஹாலம் போன் பண்ணார், நல்லாருக்காராம்னு நர்ஸ் ஒரு வரி சொன்னாப் போதும்.

சேனல்ல ஒத்துக்க மாட்டாங்களா? கேட்டுப் பாத்தீங்களா? கேக்கலைல்ல? கெஞ்சறேன்னே வெச்சுக்குங்கம்மா. எனக்கு வெக்கமெல்லாம் போயிடுச்சு.

டோரீன் இப்போ இங்க பக்கத்துல ஹாரோகேட்ல, முதியோர் இல்லத்துல இருக்கா. ஆமா, மறதி நோய்தான். நான் போனா, எவனோ ரூமுக்குள்ள வந்துட்டான்னு கத்துவா. தட்டைத் தட்டி விடுவா. யார் ஊட்டினாலும் துப்பிடுவா, உடம்பு எலும்பா போயிடுச்சு. ஒருநாள் இங்கேருந்து வேஷம் கலைக்காம அந்த டாக்டர் கோட்டோடயே ஓடினேன். ஹால்ல டிவி முன்னாடி உக்காந்திருந்தவ நிமிந்து பாத்துட்டு, வாங்க டாக்டர் ஹாலம்னா. சூப் கிண்ணத்தைக் கையில எடுத்தேன். நீங்க சொன்னாக் குடிக்கறேன்னா. முழுசும் குடிச்சா.

அதுலேருந்து தெனம் கோட்டைப் போட்டுட்டுத்தான் போறேன்.

அவன் சாகற அன்னிக்கு டிவியை அணைச்சிடலாம்ங்கறீங்களா? ஹால் நெறையப் பேர் பாக்கறாங்க, மறுநாள் பூரா அதைத்தானே பேசுவாங்க.

முந்தாநாள் கேட்டா, டாக்டர், வீட்ல சம்சாரம் இருக்காங்களான்னு. இருக்கான்னேன்.

சொல்லுங்கம்மா. ஹாலம் செத்துட்டான்னா, நான் யாருன்னு அவ முன்னாடி போய் நிக்கறது?